பஸ் அனுமதிப்பத்திரமும் நீதிமன்றக் கட்டளையும் - ஒரு வரலாற்று நோக்கு

அரசாங்கம் ஒன்றின் அதிகாரம் அது வழங்கும் இசைவிலும் மறுப்பிலும் வெளிப்படுவதைப் போலவே, அது காக்கும் மௌனத்திலும் வெளிப்படுகின்றது. மறுப்பு எழுத்தில் வருவது. அதற்குக் காரணம் கூறப்பட வேண்டும். அதனை எதிர்த்து மேன்முறையீடு செய்யலாம். மௌனத்திற்கோ காரணமும் இல்லை, திகதியும் இல்லை. விண்ணப்பம் செய்தவன் எதனை எதிர்த்து, யாரிடம் முறையிடுவது என்பதை அறியாது நிற்கின்றான். நிருவாகச் சட்டத்தின் வரலாற்றில் இம்மௌனத்தை உடைப்பதற்கென நீதிமன்றங்கள் கையாண்ட கருவிகளுள் தலையாயது 'மண்டாமுஸ்' எனப்படும் ஆணையீட்டு எழுத்தாணையாகும். அவ்வெழுத்தாணை பாரிய அரசியற் பிணக்குகளிலும் பார்க்கச் சிறு அலுவல்களிலேயே மிகுதியும் பயன்பட்டு வந்துள்ளது. அத்தகைய அலுவல்களுள் ஒன்று பஸ் வண்டி ஓட்டுவதற்கான அனுமதிப்பத்திரம்.

கிராமம் ஒன்றுக்கும் நகரம் ஒன்றுக்கும் இடையே ஒரு பஸ் ஓடுவதா இல்லையா என்பது சிறு வினாவாகத் தோன்றலாம். ஆயினும் இந்தியாவில், சிறப்பாக முன்னைய சென்னை மாகாணத்திலும் பின்னர் அதன் வழிவந்த மாநிலங்களிலும், இச்சிறு வினாவைச் சுற்றி எழுந்த வழக்குகள் அந்நாட்டு நிருவாகச் சட்டத்தின் பெரும்பகுதியை உருவாக்கின. அவ்வழக்குகளினூடே படிப்படியாகத் தெளிவுபெற்ற கோட்பாட்டைச் சுருங்கக் கூறின் அது இதுவாகும்: 'முடிவு செய்' என்று நீதிமன்றம் கட்டளையிடலாம், 'இவ்வாறு முடிவு செய்' என்று கட்டளையிடலாகாது. இவ்வெல்லைக்கோடு எவ்வாறு வரையப்பட்டது, அது விண்ணப்பதாரருக்கும் பயணிகளுக்கும் எதனை அளித்தது, எதனை அளிக்கத் தவறியது என்பனவே இங்கு ஆராயப்படுவன.

1939 ஆம் ஆண்டுச் சட்டம்

முதலாம் உலகப் போரின் பின் இந்தியாவில் மோட்டார் பஸ் சேவை பெரிதும் தனியாரின் முயற்சியால் வளர்ந்தது. ஒரு வண்டியைக் கடனுக்கு வாங்கியவர் அதனைத் தமக்கு வருவாய் தரும் வீதியில் ஓட்டினார். அவ்வீதி புகையிரதப் பாதைக்கு அருகே சென்றவிடத்துப் புகையிரதத்தின் வருவாய் குறைந்தது. உலகப் பொருளாதார மந்தம் இந்நிலையை மேலும் கடுமையாக்கியது. வீதிக்கும் புகையிரதத்திற்கும் இடையிலான போட்டியை ஆராய்ந்த மிச்சல்-கேர்க்னஸ் அறிக்கை 1933 இல் வெளிவந்தது. அதே ஆண்டில் சிம்லாவில் ஒரு மாநாடும் கூடிற்று. புகையிரதச் சேவையை ஆராய்ந்த வெட்ஜ்வுட் குழுவின் அறிக்கை 1937 இல் வந்தது. இவற்றின் பின்னணியிலேயே 1939 ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் இயற்றப்பட்டது. பயணிகளின் பாதுகாப்பைப் பேணுவதோடு, வீதிப் போக்குவரத்தை அளவோடு நிறுத்துவதும் அச்சட்டத்தின் நோக்கமாயிற்று.

அச்சட்டத்தின் 42 ஆம் பிரிவு அனுமதிப்பத்திரம் இன்றி எவரும் போக்குவரத்து வாகனத்தைப் பயன்படுத்தலாகாது என விதித்தது. 44 ஆம் பிரிவு மாகாண அதிகாரசபையையும் அதன்கீழ்ப் பிராந்தியப் போக்குவரத்து அதிகாரசபைகளையும் அமைத்தது. போக்குவரத்துத் தொழிலில் பண நலன் உடைய எவரும் அவற்றில் உறுப்பினராதல் கூடாது என்றும் கூறிற்று. 47 ஆம் பிரிவு அதிகாரசபை கருத்திற் கொள்ள வேண்டியவற்றை வகுத்தது: பொதுமக்களின் நலன், புதிய சேவையினால் மீதமாகும் நேரம், ஏலவே உள்ள சேவைகளின் போதுமை, ஊருக்கு விளையும் நன்மை, வீதியின் நிலை முதலியன. 57 ஆம் பிரிவின்படி விண்ணப்பம் பகிரங்கப்படுத்தப்பட்டு, ஆட்சேபங்கள் பெறப்பட்டு, ஒரு குறித்த நாளில் விசாரிக்கப்படும். இவ்வாறு பெறும் பத்திரம் மூன்று ஆண்டுக்குக் குறையாமலும் ஐந்து ஆண்டுக்கு மேற்படாமலும் செல்லுபடியாகும்.

இவ்வமைப்பில் ஒரு குறை இருந்தமை நோக்கற்பாலது. விண்ணப்பதாரருக்குச் சட்டம் காலவரம்பு விதித்தது. சேவை தொடங்கும் நாளுக்கு ஆறு வாரம் முன்னதாக அவர் விண்ணப்பிக்க வேண்டும். புதுப்பிப்பதாயின் பத்திரம் முடிவடைவதற்கு அறுபது நாள் முன்னதாக விண்ணப்பிக்க வேண்டும். விண்ணப்பத்தைத் தீர்க்க வேண்டிய அதிகாரசபைக்கோ, இத்தனை நாளுள் தீர்ப்பாயாக எனச் சட்டம் எங்கும் கூறவில்லை. சபை கூடினாலன்றி முடிவில்லை. சபை எப்போது கூடும் என்பது சபையின் விருப்பம்.

தாமதம் எவருக்கும் நன்மை தராதது என்று எண்ணுதல் தவறாகும். ஒரு வீதியில் ஏலவே பஸ் ஓட்டுபவருக்குப் புதியவரின் விண்ணப்பம் தீர்க்கப்படாதிருக்கும் ஒவ்வொரு மாதமும் இலாபமே. அவர் ஆட்சேபம் எழுப்பலாம், தவணை கேட்கலாம், மேலும் ஓர் ஓட்டத்திற்குத் தாமே விண்ணப்பிக்கலாம். 62 ஆம் பிரிவு இதற்கு மற்றுமொரு வாயிலைத் திறந்து வைத்தது. திருவிழா, பருவகால வணிகம், தற்காலிகத் தேவை என்பவற்றுக்காக நான்கு மாதத்திற்கு மேற்படாத தற்காலிகப் பத்திரம் வழங்கலாம் என்றது அப்பிரிவு. நிலையான பத்திரம் பற்றிய முடிவு நீண்டு செல்லச் செல்லத் தற்காலிகப் பத்திரங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வழங்கப்படுவது வழக்கமாயிற்று. அவற்றைப் பெற்றவர் அவ்வீதியில் அனுபவம் உடையவராகி விடுகின்றார். இறுதியில் நிலையான பத்திரத்தைத் தீர்மானிக்கும்போது அவ்வனுபவமே அவருக்குச் சான்றாகின்றது. ஆகவே முடிவு செய்யாமையும் ஒருவகை முடிவே.

நீதிமன்றத்தின் கதவு

அதிகாரசபை வாளாவிருப்பின் அதனைத் தட்டியெழுப்ப நீதிமன்றத்தை நாடும் வழக்கம் ஆங்கிலச் சட்டத்தில் நெடுங்காலமாக நிலவியது. சட்டம் ஒருவர்மீது ஒரு பொதுக் கடமையைச் சுமத்தியிருக்க, அவர் அதனைச் செய்யாதிருப்பின், அரச மன்று அவருக்குக் கட்டளையிட்டு எழுத்தாணை வழங்கும். பஸ் வண்டிகளுக்கு அனுமதி வழங்குவோரும் இவ்விதிக்கு உட்பட்டோரே என்பது 1916 இல் பிரைற்றன் நகரசபைக்கு எதிராகத் தோமஸ் ரிலிங் கம்பனியார் தொடுத்த வழக்கில் தெளிவாக்கப்பட்டது. வாகனங்களுக்கும் பஸ்களுக்கும் அனுமதி வழங்குவோர் பெருமளவு நீதித்துறைப் பணியையே ஆற்றுகின்றனர் என்றும், நீதிமன்றத்துக்குரிய கடுமையான சான்று விதிகள் அவர்களைக் கட்டுப்படுத்தாவிடினும், பக்கஞ்சாராத மனத்துடன் கேட்டுத் தீர்ப்பது அவர்களின் கடமை என்றும் நீதியரசர் சாங்கி அவ்வழக்கில் எடுத்துரைத்தார். 'கேட்டுத் தீர்த்தல்' என்னும் அவ்விரு சொற்களே பின்வந்த வழக்குகள் பலவற்றிற்கும் அடிப்படையாயின.

ஆனால் இங்கிலாந்தில் கிடைத்த இப்பரிகாரம் இந்திய மாவட்டங்களில் வாழ்ந்தோருக்குக் கிடைக்கவில்லை. 1877 ஆம் ஆண்டுக் குறித்த நிவாரணச் சட்டத்தின் 45 ஆம் பிரிவு, பொது அலுவலர் தம் கடமையைச் செய்யுமாறு கட்டளையிடும் அதிகாரத்தைக் கல்கத்தா, சென்னை, பம்பாய் ஆகிய மாகாணத் தலைநகரங்களின் உயர் நீதிமன்றங்களுக்கே உரித்தாக்கிற்று. அதுவும் அவற்றின் சாதாரண ஆரம்ப நியாயாதிக்க எல்லையினுள் மட்டுமே. சென்னை நகருக்கு அப்பால் அவ்வதிகாரம் செல்லாது. இவ்வரையறை எத்துணை இறுக்கமானது என்பதை 1943 இல் பிரிவி கவுன்சில் தீர்த்த பர்லாகிமெடி வழக்கு உணர்த்தியது. முன்னர் சென்னை மாகாணத்துடன் சேர்ந்திருந்த கஞ்சம் மாவட்டத்துக் குடியானவர்களின் நிலவாடகை பற்றிய பிணக்கு அது. வாடகையைத் தீர்மானித்த வருவாய்ச் சபை சென்னை நகரிலேயே அலுவலகம் கொண்டிருந்தது. இருந்தும், பிணக்கு நகருக்கு வெளியே எழுந்தது ஆதலின் உறுதிகேள் எழுத்தாணை வழங்கச் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை எனப் பிரிவி கவுன்சில் கூறிற்று. அது எழுத்தாணையின் பிறிதொரு வகை பற்றிய தீர்ப்பாயினும், மாவட்டத்து மக்களின் நிலையை அது நன்கு காட்டுகின்றது.

இவ்விடத்து இலங்கையின் நிலையை ஒப்பிடுதல் பொருத்தமாகும். 1889 ஆம் ஆண்டு நீதிமன்றக் கட்டளைச் சட்டத்தின் 42 ஆம் பிரிவு, மண்டாமுஸ் உட்பட்ட எழுத்தாணைகளை வழங்கும் அதிகாரத்தை அக்காலத்து இலங்கை உயர் நீதிமன்றத்துக்கு வெளிப்படையாகவே அளித்திருந்தது. தலைநகர், வெளிமாவட்டம் என்னும் பாகுபாடு இங்கு இருக்கவில்லை. ஒரே பேரரசின்கீழ், ஒரே ஆங்கிலச் சட்ட மரபைப் பின்பற்றிய இரு நாடுகளுள், பாக்கு நீரிணையின் ஒரு கரையில் வாழ்ந்தவருக்குக் கிடைத்த பரிகாரம் மறு கரையில் வாழ்ந்தவருக்குக் கிடைக்காதிருந்தமை வரலாற்று விந்தையே.

எனவே 1939 முதல் 1950 வரை, தஞ்சாவூர் மாவட்டத்தில் பஸ் ஓட்ட விண்ணப்பித்த ஒருவருக்கு அதிகாரசபையின் மௌனத்திற்கு எதிராக இருந்த வழி நிருவாகத்தினுள்ளேயே அடங்கியது. பிராந்திய அதிகாரசபையிலிருந்து சென்னையிலுள்ள மத்திய வீதிப் போக்குவரத்துச் சபைக்கு மேன்முறையீடு. அதற்கு மேல் மாகாண அரசாங்கம். மேன்முறையீடு செய்வதற்கும் முதலில் ஒரு கட்டளை கையில் இருத்தல் வேண்டும் என்பதை நினைவிற் கொள்ளல் தகும்.

1950 உம் 1952 உம்

1950 சனவரி 26 இல் நடைமுறைக்கு வந்த இந்திய அரசியலமைப்பின் 226 ஆம் உறுப்புரை இந்நிலையை அடியோடு மாற்றியது. மாநிலத்தின் எல்லை முழுவதிலும், எந்த ஆளுக்கும் அதிகாரசபைக்கும், தகுந்த வழக்குகளில் அரசாங்கத்துக்குமே எழுத்தாணை வழங்க ஒவ்வோர் உயர் நீதிமன்றமும் அதிகாரம் பெற்றது. கும்பகோணத்துப் பஸ் முதலாளியும் கோயம்புத்தூர்ப் பஸ் முதலாளியும் சென்னை உயர் நீதிமன்றத்தின் படியேறலாயினர். பதினோராண்டாகத் தேங்கிநின்ற குறைகள் பல ஒருங்கே நீதிமன்றத்தை அடைந்தன.

புதிய அதிகாரம் எவ்வளவு தூரம் செல்லும் என்னும் வினா விரைவிலேயே எழுந்தது. அதற்கு விடை தந்தது 1952 இல் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்த்த வீரப்ப பிள்ளை வழக்கு. தஞ்சாவூர் மாவட்டத்துப் பொறையாறில் சத்தி விலாஸ் பஸ் சேவையை நடத்திய வீரப்ப பிள்ளை ஒருபுறமும், கும்பகோணத்து ராமன் அன்ட் ராமன் கம்பனியார் மறுபுறமும் நின்றனர். பிணக்குக்குரியவை ஐந்து பஸ்கள். அவற்றின் உடைமை பற்றிய உரிமை வழக்கு நீதிமன்றத்தில் நடந்துகொண்டிருக்கையில், தற்காலிகப் பத்திரங்கள் காலத்துக்குக் காலம் வீரப்ப பிள்ளைக்கு வழங்கப்பட்டன. பிராந்திய அதிகாரசபை, மத்திய வீதிப் போக்குவரத்துச் சபை, அரசாங்கம் என மூன்று படிகளினூடும் விடயம் ஏறி இறங்கியது. இறுதியில் கம்பனியார் சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினர். அந்நீதிமன்றம் முன்னைய கட்டளைகளை நீக்கியதோடு அமையாது, ஐந்து பஸ்களுக்கும் கம்பனியாருக்கே பத்திரம் வழங்குமாறு அதிகாரசபையைப் பணித்தது.

உச்ச நீதிமன்றம் இதனை ஏற்கவில்லை. தீர்ப்பை எழுதிய நீதியரசர் சந்திரசேகர ஐயர், மோட்டார் வாகனச் சட்டம் பத்திரம் வழங்குதல் பற்றி நிறைவான ஓர் ஒழுங்கை வகுத்துள்ளதையும், விசாரணைக்கும் மேன்முறையீட்டுக்கும் உரிய படிகளை அதுவே அமைத்துள்ளதையும் சுட்டிக் காட்டினார். 226 ஆம் உறுப்புரையின் அதிகாரம் எவ்வளவு விரிந்ததாயினும், உயர் நீதிமன்றம் தன்னை மேன்முறையீட்டு மன்றாக மாற்றிக்கொண்டு, எது சரியான முடிவு எனத் தானே ஆராய்ந்து, அம்முடிவை விதிக்கும் அளவுக்கு அது விரியாது என்பது அவரின் கருத்து. யாருக்குப் பத்திரம் என்பதைத் தீர்மானிப்பது போக்குவரத்து அதிகாரிகளின் பணி. அதிகார எல்லையை மீறியவிடத்தும், சட்டத்தைப் பின்பற்றாதவிடத்தும் திருத்துவது நீதிமன்றத்தின் பணி.

இத்தீர்ப்பு நீதிமன்றங்களின் கையைக் கட்டிவிட்டது என்று மேலோட்டமாக நோக்குவோர் கருதக்கூடும். உண்மையில் எதனைச் செய்யலாகாது என்பதைக் கூறியதன்மூலம் எதனைச் செய்யலாம் என்பதையும் அது தெளிவாக்கிற்று. அதிகாரசபைக்கு விருப்புரிமை உண்டு. ஆனால் அவ்விருப்புரிமையைப் பயன்படுத்துவதா விடுவதா என்பதில் விருப்புரிமை இல்லை. விண்ணப்பத்தை ஏற்பதும் மறுப்பதும் அதன் உரிமை. விண்ணப்பத்தைக் கேட்டுத் தீர்ப்பது அதன் கடமை. நியாயமற்ற தாமதம் மறுப்புக்கு ஒப்பானது என்பது மண்டாமுஸ் பற்றிய பழைய கோட்பாடு. ஆதலின், தீர்வின்றிக் கிடக்கும் விண்ணப்பத்தை ஒரு குறித்த காலத்துள் சட்டப்படி தீர்க்குமாறு கட்டளையிடும் நீதிமன்றம், வீரப்ப பிள்ளை வழக்கு வரைந்த கோட்டைத் தாண்டுவதில்லை.

அரசாங்கத்தின் கை

அதிகாரசபைகள் சுதந்திரமாக முடிவு செய்வனவா என்பது அடுத்து எழுந்த வினா. சென்னை அரசாங்கம் 1948 இல் திருத்தச் சட்டமொன்றின் வாயிலாக 43-அ எனும் பிரிவைச் சேர்த்து, அதிகாரசபைகளுக்குப் பணிப்புரை வழங்கும் அதிகாரத்தைப் பெற்றுக்கொண்டது. அதன்கீழ் 1956 ஏப்பிரல் 28 இல் பிறப்பிக்கப்பட்ட 1298 ஆம் இலக்க அரசாணை, விண்ணப்பதாரருக்குப் புள்ளி வழங்கும் முறையொன்றைப் புகுத்தியது. அனுபவம், வண்டி திருத்தும் வசதி, வீதியை அண்டிய வதிவிடம் முதலிய தகைமைகள் எண்களாயின. விரைவும் ஒருசீர்மையும் அதன் நோக்கங்கள் எனின் அவை குறைகூறத்தக்கனவல்ல. ஆனால் கேட்டுத் தீர்க்க வேண்டிய சபை, மேலிடம் வகுத்த அட்டவணையை நிரப்பும் எழுதுவினைஞராகிவிடும் ஆபத்தும் அதில் அடங்கியிருந்தது. 1959 இல், அதே ராமன் அன்ட் ராமன் கம்பனியார் கொணர்ந்த மற்றொரு வழக்கில், இவ்வரசாணைகள் வெறும் நிருவாகப் பணிப்புரைகளேயன்றிச் சட்டமல்ல என உச்ச நீதிமன்றம் கூறிற்று. 1964 இல் ராஜகோபால நாயுடு வழக்கில் மேலும் ஒருபடி சென்று, நீதிசார்ந்த பணியை ஆற்றும் மன்றுகளுக்கு எவ்வாறு தீர்ப்பது எனப் பணிப்புரை வழங்க 43-அ பிரிவு இடந்தரவில்லை எனக் கூறி, 1298 ஆம் இலக்க ஆணை செல்லாதென்றது.

1952 ஆம் ஆண்டுத் தீர்ப்பையும் 1964 ஆம் ஆண்டுத் தீர்ப்பையும் அருகருகே வைத்து நோக்கின் ஒரே கோட்பாட்டின் இரு பக்கங்கள் தென்படும். முதலாவது, நீதிமன்றம் அதிகாரசபையின் இடத்தில் அமர்ந்து முடிவு செய்யலாகாது என்றது. இரண்டாவது, அரசாங்கமும் அவ்வாறு செய்யலாகாது என்றது. முடிவு சபையினுடையதாகவே இருத்தல் வேண்டும். அங்ஙனமாயின், சபை முடிவெடுத்தே ஆகவேண்டும் என்பதும் அதன் தர்க்கரீதியான விளைவாகும்.

அரசுடைமையும் தேங்கிய திட்டங்களும்

இதே காலப்பகுதியில் அரசாங்கங்கள் தாமே பஸ் சேவையை நடத்தத் தலைப்பட்டன. 1956 இல் மோட்டார் வாகனச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட நான்கு-அ அத்தியாயம், குறித்த வீதியை அரசுச் சேவைக்கென ஒதுக்கும் திட்டத்தை வெளியிட்டு, ஆட்சேபங்களைக் கேட்டு, அங்கீகரிக்கும் நடைமுறையை வகுத்தது. 1969 ஆம் ஆண்டுத் திருத்தம், வரைவுத் திட்டம் வெளியான நாளுக்கும் அங்கீகாரம் பெறும் நாளுக்கும் இடையில் அவ்வீதிக்குப் புதிய பத்திரம் வழங்கலாகாது எனத் தடுத்தது. திட்டம் நிறைவேறும்வரை குழப்பம் நேராதிருத்தலே இதன் நோக்கம். விளைவோ வேறாயிற்று. வரைவுத் திட்டமொன்றை வெளியிட்டுவிட்டுத் தீர்க்காமல் வைத்திருத்தல், ஒரு வீதியில் தனியாரின் புதிய சேவை வராமல் தடுப்பதற்குப் போதுமானதாயிற்று. அரசு பஸ்ஸும் முழு அளவில் வரவில்லை. தனியார் பஸ்ஸும் வர இடமில்லை. வீதியோரத்தில் நின்ற பயணியின் துன்பத்தைக் கோவைகள் எவையும் பதிவு செய்யவில்லை.

இதன் உச்சநிலையை உத்தரப் பிரதேசத்தின் சகரான்பூர்-சாதரா-டில்லி வீதி பற்றிய வழக்கிற் காணலாம். 1959 இல் வெளியிடப்பட்ட வரைவுத் திட்டம் இருபத்தாறு ஆண்டுகளாக இறுதி முடிவு பெறாது கிடந்தது. 1985 இல் ஸ்ரீ சந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் அத்தாமதத்தையே காரணமாகக் கொண்டு திட்டத்தை நீக்கியது. திட்டம் நல்லதா தீயதா என்னும் ஆராய்ச்சிக்கு அங்கு இடம் இருக்கவில்லை. கால் நூற்றாண்டு கடந்த பின்னர் அதனை உயிருள்ளதாகக் கருத இயலாது என்பதே முடிவு. ஆயினும் இவ்வழக்கு மற்றோர் உண்மையையும் உள்ளடக்கியது. அவ்விருபத்தாறு ஆண்டுகளில் ஒரு பகுதி, பஸ் முதலாளிகள் தாமே தொடுத்த வழக்குகளினாற் கழிந்தது. தாமதத்துக்கு மருந்தாக வந்த நீதிமன்றமே சில வேளைகளில் தாமதத்துக்குக் காரணமாகவும் அமைந்தது என்பதை மறைத்தலாகாது.

தமிழ்நாட்டில் அரசுடைமையாக்கம் வேறு வழியில், விரைவாக நடந்தேறியது. 1972 இல் கும்பகோணத்தைத் தலைமையிடமாகக் கொண்டு சோழன் போக்குவரத்துக் கழகம் தோன்றியபோது, அதன் தொடக்கமாக அமைந்தவை ராமன் அன்ட் ராமன் கம்பனியாரிடமிருந்து அரசு ஏற்ற பஸ்களே. ஐந்து பஸ்களுக்கான பத்திரங்களுக்காக உச்ச நீதிமன்றம் வரை சென்ற கம்பனி, இருபது ஆண்டுகளின் பின் தொழிலையே அரசிடம் ஒப்படைத்தது. அதன் பெயர் இன்று சட்ட மாணவர் படிக்கும் தீர்ப்புகளில் நிலைத்துள்ளது.

1988 ஆம் ஆண்டுச் சட்டமும் அதன் பின்னும்

1939 ஆம் ஆண்டுச் சட்டத்திற்குப் பதிலாக இயற்றப்பட்ட 1988 ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் 1989 யூலை முதலாம் திகதி நடைமுறைக்கு வந்தது. பழைய 47 ஆம், 57 ஆம் பிரிவுகளின் கட்டுப்பாடுகள் கைவிடப்பட்டன. எந்நேரத்திலும் விண்ணப்பிக்கலாம் என்றும், சாதாரணமாக விண்ணப்பத்தை மறுக்கலாகாது என்றும் 80 ஆம் பிரிவு கூறிற்று. புதியவர்களுக்குத் தாராளமாகப் பத்திரம் வழங்கப்படுவதை எதிர்த்து ஏலவே பஸ் ஓட்டியோர் தொடுத்த மிதிலேஷ் கார்க் வழக்கை 1991 இல் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. போட்டி வருவதால் வருவாய் குறையும் என்பது சட்டத்தால் காக்கப்படும் உரிமையன்று என்பது அதன் சாரம். தேங்கிய திட்டங்களின் கசப்பான அனுபவமும் புதிய சட்டத்தில் தன் சுவட்டைப் பதித்தது. வரைவுத் திட்டம் வெளியான ஓராண்டினுள் அங்கீகாரம் பெற்று வெளியிடப்படாவிடின் அது காலாவதியாகும் என 100 ஆம் பிரிவின் நான்காம் உட்பிரிவு விதித்தது; நீதிமன்றத் தடையினாற் கழிந்த காலம் மட்டும் கணக்கில் விடப்படும். நீதிமன்றங்கள் வழக்குக்கு வழக்கு விதித்துவந்த காலவரம்பு, இவ்விடயத்திலேனும் சட்டத்தின் எழுத்தாகவே மாறிற்று.

ஆயின் தனிப்பட்ட விண்ணப்பங்களின் தாமதம் ஒழிந்துவிடவில்லை. தனியார் பஸ் சேவை இன்றும் பெருமளவில் இயங்கும் கேரளத்தில் இதனைத் தெளிவாகக் காணலாம். பத்திரத்துக்கோ, அதனை மாற்றியமைத்தற்கோ விண்ணப்பித்தவர், தம் விண்ணப்பம் அதிகாரசபையின் கூட்டத்தில் எடுத்துக்கொள்ளப்படவில்லை என்ற முறைப்பாட்டுடன் கேரள உயர் நீதிமன்றத்தை நாடுகின்றார். பத்திரம் கிடைத்த பின்னரும் எந்நேரத்திற்கு எவ்விடத்திலிருந்து புறப்படுவது என்பதைத் தீர்மானிக்கும் நேர நிர்ணயக் கூட்டம் கூட்டப்படாவிடின் வண்டி ஓடாது. அதற்கும் மனுச் செய்யப்படுகின்றது. நீதிமன்றத்தின் கட்டளை பெரும்பாலும் ஒரே வார்ப்பில் அமைவது: விண்ணப்பதாரரையும் பாதிக்கப்படக்கூடிய ஏனையோரையும் கேட்டு, இரண்டு அல்லது மூன்று மாதம் போன்ற குறித்த காலத்துள், சட்டப்படி முடிவு செய்க, தகுதி பற்றி நீதிமன்றம் கருத்தெதுவும் கூறவில்லை. சில பந்திகளில் முடிந்துவிடும் இக்கட்டளைகள் சட்ட நூல்களில் பெருந் தீர்ப்புகளாகப் போற்றப்படுவதில்லை. எனினும் 1952 ஆம் ஆண்டு வரையப்பட்ட கோட்டின்மேல் சரியாக நடப்பவை இவையே. கட்டளையை மீறினால் நீதிமன்ற அவமதிப்பு என்னும் அச்சம் உண்டு; ஆகவே கோவை அசைகின்றது.

மதிப்பீடு

இக்கட்டளைகளின் குறைகளும் எடுத்துக் கூறத்தக்கன. முதலாவதாக, நீதிமன்றத்திற்குச் சென்றவரின் கோவையே மேலே வருகின்றது. வழக்கறிஞருக்குக் கொடுக்க இயலாதவரின் கோவை இருந்த இடத்திலேயே கிடக்கின்றது. வரிசையில் முன்னின்றவர் பின்தள்ளப்படுவதும் கூடும். இரண்டாவதாக, விரைந்த முடிவு நல்ல முடிவாகும் என்பதற்கு உறுதியில்லை. காலவரம்பு முடியும் தறுவாயில், காரணம் ஆராயாது எழுதப்படும் மறுப்பும் கட்டளைக்குக் கீழ்ப்படிந்ததாகவே கொள்ளப்படும். மூன்றாவதாக, சபை ஏன் கூடவில்லை, அலுவலர் போதாமையா, அக்கறையின்மையா, ஏலவே ஓட்டுவோரின் செல்வாக்கா என்பவற்றை இக்கட்டளை தொடுவதில்லை. நோயின் அறிகுறிக்கு மருந்து கொடுத்து நோயை விட்டுவிடுவது போன்றது இது.

இக்குறைகளை ஒப்புக்கொண்ட பின்னரும் ஒன்று எஞ்சி நிற்கின்றது. மறுப்பு எதுவாயினும் அது எழுத்தில் வந்துவிட்டால், அதற்குக் காரணம் கூறப்பட வேண்டும். காரணம் கூறப்பட்டால், அதனை மேன்முறையீட்டு மன்று ஆராயலாம். மௌனத்தைக் கட்டளையாக மாற்றுவதே முறையீட்டின் முதற்படி. 1939 முதல் 1950 வரை தஞ்சாவூர் மாவட்டத்து விண்ணப்பதாரருக்கு இல்லாதிருந்தது இப்படியே. அதனை அரசியலமைப்பு அமைத்துக் கொடுத்தது; அதன் அளவை நீதிமன்றங்கள் வகுத்தன. பத்திரம் பெறுவதற்கு எவருக்கும் உரிமையில்லை எனினும், விடை பெறுவதற்கு ஒவ்வொருவருக்கும் உரிமையுண்டு என்பது இவ்வழக்குகளின் வழியே நிலைநாட்டப்பட்டது.

இவ்வுரிமை பஸ் முதலாளிகளின் வாணிப நலனால் உந்தப்பட்டே வளர்ந்தது என்பதும் மறுக்க இயலாதது. வழக்காடியோர் தத்தம் வீதியையும் வருவாயையும் கருதியே நீதிமன்றம் சென்றனர். ஆயினும் அவர்கள் வென்றெடுத்த கோட்பாடு அவர்களோடு நின்றுவிடவில்லை. ஓய்வூதியத்திற்கு விண்ணப்பித்து ஆண்டுக்கணக்காகக் காத்திருக்கும் ஆசிரியருக்கும், நிலப்பத்திரத்தில் பெயர் மாற்றம் வேண்டி அலுவலகம் அலுவலகமாக அலையும் உழவருக்கும் அதே எழுத்தாணை அதே சொற்களில் உதவுகின்றது. விண்ணப்பத்தைப் பெற்றுக்கொண்ட அதிகாரி விடை கூறக் கடமைப்பட்டவர் என்னும் விதியை, எந்தெந்த அலுவலகத்தில் நீதிமன்றத்தின் துணையின்றியே நடைமுறைப்படுத்தலாம் என்பது, சட்டமும் நிருவாகமும் பயில்வோர் இனி ஆராய வேண்டிய வினாவாகும்.